காணாடுகாத்தான் வீடுகள்: பூட்டுக்குப் பின்னால் யார் இருக்கிறார்கள்?

ஜனவரி 19, வாசகர் கேள்வி

பொங்கல் விடுமுறையில் காரைக்குடிப் பக்கம் போனபோது காணாடுகாத்தானையும் சுற்றிப் பார்த்தேன். தெருவுக்குத் தெரு அரண்மனைதான். ஆனால் பெரும்பாலான வீடுகளில் பூட்டு, சுவரில் அரசங்கன்று. பர்மாவில் வட்டிக்கு விட்டுச் சம்பாதித்த காசில் பெருமைக்காகக் கட்டியிருக்கிறார்கள், இப்போது யாருக்கும் தேவையில்லை. அரசாங்கமே எடுத்து அருங்காட்சியகமாக மாற்றிவிட்டால் என்ன?

ஜனவரி 19, இரவு

பூட்டு தொங்குவதாலேயே தேவையில்லை என்று ஆகிவிடாது. அந்தப் பக்கத்து ஊர் ஒன்றில் எங்கள் ஐயா பிறந்த வீடு இருக்கிறது. அதுவும் வருஷத்தில் பெரும்பகுதி பூட்டித்தான் கிடக்கும். அதில் பங்கு உள்ளவர்கள் சென்னை, கோவை, கோலாலம்பூர் என்று சிதறிக் கிடக்கிறார்கள். யாருடைய வீடு என்று கேட்டால் ஒரே ஒரு பெயரைச் சொல்ல முடியாது. அந்த வீடுகள் இன்னும் நிற்பதற்கும் அதுதான் காரணம், இடிந்து விழுவதற்கும் அதுதான் காரணம். நாளை விரிவாக எழுதுகிறேன்.

ஜனவரி 20

வீட்டின் அமைப்பிலிருந்து தொடங்கினால்தான் புரியும்.

முன் தெருவில் முகப்பு. படியேறினால் திண்ணை, செதுக்கிய நிலைவாசல். உள்ளே போனால் வளவு, அதாவது நடுவில் திறந்த முற்றமும் சுற்றிலும் தூண் வரிசையும் அறைகளும். அதைத் தாண்டி இரண்டாம் கட்டு, மூன்றாம் கட்டு என்று அடுத்தடுத்த பகுதிகள், கடைசியில் அடுப்படி. பெரிய வீடுகளில் பின்வாசல் அடுத்த தெருவில் திறக்கும். எல்லா வாசல்களும் ஒரே நேர்க்கோட்டில் இருப்பதால், கதவுகளைத் திறந்து வைத்தால் முன்வாசலில் நிற்பவருக்குப் பின்தெரு வெளிச்சம் தெரியும். பார்க்க வருகிறவர்கள் எல்லோரும் இங்கே நின்றுதான் படம் எடுக்கிறார்கள்.

ஆனால் அந்த வீட்டின் உயிர் நேர்க்கோட்டில் இல்லை, பக்கவாட்டில் இருக்கிறது. வளவைச் சுற்றியுள்ள அறைகளைக் கவனியுங்கள். வீடு அவ்வளவு பெரிது, அறையோ சின்னது, ஜன்னலும் பெரிதாக இருக்காது. காரணம், அது படுக்கை அறை அல்ல. நகரத்தார், அதாவது நாட்டுக்கோட்டைச் செட்டியார் குடும்பத்தில் கல்யாணம் ஆன ஒவ்வொரு மகனும் ஒரு புள்ளி. புள்ளிக்கு ஓர் அறை. மனைவி கொண்டுவந்த சீர், பாத்திரம், நகை, பட்டு எல்லாம் அந்த அறைக்குள். படுப்பது, பேசுவது, பிள்ளை வளர்ப்பது எல்லாம் வெளியே, எல்லோருக்கும் பொதுவான இடத்தில்.

அதோடு ‘வேறு வைப்பது’ என்று ஒரு வழக்கம். கல்யாணம் முடிந்து கொஞ்ச காலத்தில் புதுத் தம்பதிக்குத் தனி அடுப்பு, தனிச் செலவுக் கணக்கு. அரிசி பருப்பு முதல் இவ்வளவு என்று அளந்து கொடுத்துவிடுவார்கள். அதற்குள் குடும்பம் நடத்த வேண்டும். கூரை ஒன்று, அடுப்பு பல. மாமியாரும் மருமகளும் ஒரே வீட்டில் இருந்தாலும் உலை தனித்தனி. கூட்டுக் குடும்பம் என்றால் ஒரே பானைச் சோறு என்று நினைப்பவர்களுக்கு இது புதிதாக இருக்கும். கடைசிக் கட்டு ஏன் அவ்வளவு நீளம் என்பதற்கு இதுதான் பதில்.

இப்போது அந்த அறைகளை வாரிசுகளோடு சேர்த்து எண்ணிப் பாருங்கள். ஐயா காலத்தில் நாலு புள்ளி என்றால் பேரன் காலத்தில் எத்தனை? அத்தனை பேரும் உடைமையாளர்கள்தான்.

ஜனவரி 20, மாலை

சின்னச் சேர்க்கை. அரண்மனை என்று எல்லோரும் சொல்கிற வீடு ராஜா சர் அண்ணாமலைச் செட்டியார் குடும்பத்துடையது. 1912-ல் கட்டியது. அவருக்கு ராஜா பட்டம் வந்தது 1929-ல். அதாவது கட்டும்போது அது ஒரு செட்டியார் வீடு, அவ்வளவுதான். பக்கத்துத் தெரு வீடுகளும் அதே இலக்கணத்தில் கட்டியவை. முகப்பு, வளவு, கட்டுகள் என்ற வரிசை சின்ன வீட்டிலும் மாறாது. கட்டுகள் குறையும், தூண் மெலியும், அவ்வளவுதான்.

ஜனவரி 22

பர்மாப் பணம் பற்றி இரண்டு பேர் கேட்டிருக்கிறார்கள். இதை மழுப்பாமல் பேச வேண்டும்.

1852-ல் ஆங்கிலேயர் கீழ் பர்மாவைப் பிடித்தார்கள். ஐராவதி டெல்டாவில் காட்டை அழித்து நெல் பயிரிட விவசாயிக்கு முதல் தேவைப்பட்டது. அந்தக் கடனைக் கொடுத்தவர்கள் செட்டியார்கள். பர்மா மட்டுமல்ல, இலங்கை, மலாயா, சைகோன் என்று பல துறைமுகங்களிலும் அவர்கள் தொழில் நடத்தித் தங்குகிற கிட்டங்கி இருந்தது. பையன்கள் சின்ன வயதிலேயே பெட்டியடிப் பையனாக, அதாவது கடையில் எடுபிடியாக இருந்து தொழில் பழகக் கப்பல் ஏறி, தவணை முடிந்து ஊர் திரும்புவார்கள். வீடு கட்டிய பணம் அங்கிருந்து வந்தது என்பதில் சந்தேகமே இல்லை.

1930-ல் உலக மந்தம் வந்தது. நெல் விலை விழுந்தது, வாங்கிய கடனை விவசாயியால் கட்ட முடியவில்லை. அடமானம் வைத்த நிலம் செட்டியார் பெயருக்கு வந்தது. கீழ் பர்மாவின் பதின்மூன்று முக்கிய நெல் மாவட்டங்களில் 1930-ல் 6 சதவீத நிலம் அவர்கள் கையில் இருந்தது. 1937-ல் அது 25 சதவீதம். இந்த இரண்டு எண்களுக்கும் நடுவில் எத்தனை பர்மியக் குடும்பங்கள் நிலத்தை இழந்தன என்பதை நினைக்காமல் நம் வீட்டுத் தேக்குத் தூணைத் தடவிப் பார்ப்பது சரியில்லை என்று நான் நினைக்கிறேன். எங்கள் வீட்டுப் பெரியவர்கள் இதைப் பேசமாட்டார்கள். 1942-ல் ஜப்பான்காரன் வந்ததும் காட்டு வழியாக நடந்து வந்ததை மட்டும் சொல்வார்கள். அந்தத் துன்பமும் நிஜம். ஆனால் கதையின் ஒரு பாதிதான் அது.

அப்புறம் 1948-ல் பர்மா சுதந்திரம், நில தேசியமயச் சட்டம். 1962-ல் ராணுவ ஆட்சி. 1964-ல் பெரிய நோட்டுகள் செல்லாது என்று அறிவிப்பு. வரவு முழுக்க நின்றுவிட்டது. இங்கே ஒவ்வொரு மழைக்கும் ஓடு பார்க்க வேண்டிய வீடு மட்டும் மிஞ்சியது. பெரிய வீடு கட்டுவதற்கு ஒரு தலைமுறையின் சம்பாத்தியம் போதும். பராமரிப்பதற்கு எல்லாத் தலைமுறைகளின் சம்பாத்தியமும் வேண்டும். அந்த வரும்படி நின்ற பிறகும் இத்தனை வீடுகள் நிற்பதுதான் எனக்கு வியப்பு.

ஜனவரி 23

பெருமைக்காகக் கட்டியது என்ற பேச்சை மறுபடி யோசித்தேன். பெருமையே இல்லை என்று நான் சொல்லவரவில்லை. முகப்பு முழுக்கப் பெருமைதான். மேலே கஜலட்சுமி சுதைச் சிற்பம், இரண்டு பக்கமும் சிப்பாய், சில இடங்களில் வெள்ளைக்காரத் துரை, துரைசானி. பெல்ஜியம் கண்ணாடி, இத்தாலிய சலவைக்கல், இங்கிலாந்திலிருந்து வந்த இரும்புத் தூண். ஊர் பார்க்க வேண்டும் என்றே வைத்தவை.

ஆனால் வளவுக்குள் வந்தால் தொனி மாறிவிடும். கருங்கல் தூண், மரத்தூண், வழவழப்பான வெள்ளைச் சுவர், வெயில் விழுகிற முற்றம். காசைக் காட்டும் பொருள்கள் முன்பக்கமும் வாழும் இடம் நடுவிலும் இருக்கின்றன. இந்தப் பிரிவினை தற்செயல் என்று எனக்குத் தோன்றவில்லை.

எல்லா வீட்டையும் ஒரே காலமாகப் பார்ப்பதும் தவறு. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் கட்டியவை தாழ்வான ஓட்டு வீடுகள். தெருவில் நடக்கிறவர் கண்ணுக்கு எடுப்பாகவே இருக்காது. 1900-க்குப் பிறகுதான் மாடி, கைப்பிடிச் சுவர், சுதை எல்லாம் வந்து முகப்பு உயர்ந்தது. முப்பதுகளில், நாற்பதுகளில் கட்டியவற்றில் வளைந்த பால்கனி, நேர்க்கோட்டு அலங்காரம் என்று பம்பாய் சினிமாக் கொட்டகைகளின் பாணி எட்டிப் பார்க்கும். நான்காவது தெருவில் நிற்கிற பழைய தாழ்வான வீட்டை யாரும் படம் எடுப்பதில்லை. முதலில் இடிவதும் அதுதான். அடுத்த முறை போகிறவர்கள் தயவுசெய்து அதையும் பாருங்கள்.

ஜனவரி 27

கூரையைப் பற்றிக் கேட்டவருக்கு. இது நான் நேரில் பட்டது, அதனால் நீளமாகவே எழுதுகிறேன்.

மேலே நாட்டு ஓடு. ஒரு வரிசை அல்ல, ஒன்றின்மேல் ஒன்றாகப் பல அடுக்கு. அதற்குக் கீழே ரீப்பர் (ஓட்டைத் தாங்கும் மெல்லிய மரச்சட்டம்), கைமரம், உத்திரம். அடுக்குகளுக்கு நடுவில் காற்று நிற்பதால் சித்திரை வெயில் உள்ளே இறங்காது. சுவரோ கனமான செங்கல் சுவர். முற்றம் வழியாகச் சூடான காற்று மேலே போய்விடும். மின்விசிறி இல்லாத காலத்தில் கட்டிய வீட்டில் பகல் பன்னிரண்டு மணிக்குத் தரையில் படுத்தால் தூக்கம் வரும்.

கூரையின் சரிவு முற்றத்தைப் பார்த்து இருக்கும். மழைத்தண்ணீர் முற்றத்தில் விழுந்து, அண்டாக்களில் பிடித்தது போக, தரைக்கடியில் உள்ள கால்வாயில் வெளியேறும். அங்கிருந்து தெருவோர வாய்க்கால், வாய்க்காலிலிருந்து ஊருணி. மழை குறைந்த பூமி அது, வற்றாத ஆறு கிடையாது. அதனால் ஒரு வீட்டின் ஓடும் ஊரின் குடிநீரும் ஒரே ஏற்பாட்டின் இரண்டு முனைகள். தெருக்கள் நேர்நேராக இருப்பதைப் பார்த்து வியக்கிறவர்கள் அந்தத் தெருவின் வாட்டத்தையும் கவனிக்க வேண்டும். தனி வீட்டைக் காப்பாற்றிவிட்டு வாய்க்காலை மூடிவிட்டால் பாதிதான் காப்பாற்றியதாக அர்த்தம். பல இடங்களில் வாய்க்கால் மேல் கான்கிரீட் போட்டுத் தெருவை உயர்த்திவிட்டார்கள். மழையில் தண்ணீர் வீட்டை நோக்கித் திரும்புகிறது.

இனி எங்கள் கதை. வளவின் வடக்குப் பக்கம் ஒழுகத் தொடங்கியது. பழைய ஓடு கிடைக்காது, ஆள் கிடைக்காது என்று சொல்லி ஒரு ஒப்பந்தக்காரர் ஒழுகின இடத்தில் சிமெண்ட் கலவை பூசிவிட்டுப் போனார். கீழே சுவரில் விட்டுப்போன பூச்சுக்கும் சிமெண்டே. அடுத்த மழைக்காலம் முடிந்தபோது ஒழுகல் நின்றிருந்தது. ஆனால் சுவர் முழுக்க உப்புப் பூத்து, பக்கத்தில் நூறு வருஷமாக நன்றாக இருந்த பழைய பூச்சும் செதில் செதிலாக உதிர்ந்தது.

காரணம் எளிது. பழைய சுவர் சுண்ணாம்பில் கட்டியது. அது ஈரத்தை வாங்கும், வெயிலில் விட்டுவிடும். சிமெண்ட் விடாது. உள்ளே மாட்டிய ஈரம் பக்கவாட்டில் போய்ப் பழைய பூச்சைத் தள்ளும். கூரையிலும் அதே கதை: ஓட்டுக்கு அடியில் ஈரம் தங்கி ரீப்பர் இற்றுப்போகும், கரையான் ஏறும்.

செட்டிநாட்டுப் பூச்சு என்பது பல அடுக்கு வேலை. சுண்ணாம்பை ஊறவைத்து, மணலோடு அரைத்து, கடுக்காய் ஊறிய தண்ணீரும் கருப்பட்டியும் சேர்ப்பார்கள். கடைசி அடுக்குக்கு நைசாக அரைத்த சுண்ணாம்போடு முட்டை வெள்ளைக்கரு. பூசிய பிறகு வழவழப்பான கல்லால் தேய்த்துக்கொண்டே இருக்க வேண்டும். கைவைத்தால் சலவைக்கல் போலக் குளிரும். வெள்ளையடிக்கவே வேண்டாம். இந்த வேலை தெரிந்த கொத்தனார்கள் இன்னும் இருக்கிறார்கள். சிமெண்ட் வேலையைவிடச் செலவு அதிகம், நாளும் அதிகம். ஆனால் அவர்களுக்கு வேலை கொடுக்காமல், ஆள் கிடைக்கவில்லை என்று நாமே சொல்லிக்கொண்டிருக்கிறோம். எனக்கு இதில் உண்மையாகவே கோபம் வருகிறது.

ஜனவரி 28

வீடு தரையிலிருந்து உயரமாக இருப்பது, நகரத்தாரின் பூர்வீக ஊர் என்று சொல்லப்படும் பூம்புகாரைக் கடல் கொண்ட ஞாபகத்தினால் என்று ஒருவர் எழுதியிருந்தார். ஊரில் அப்படித்தான் சொல்வார்கள், நானும் கேட்டு வளர்ந்தேன். அழகான கதை. ஆனால் அந்த உயரம் அன்றாடம் செய்கிற வேலை வேறு: கரையானையும் சுவரடி ஈரத்தையும் தள்ளி வைக்கிறது. தெருவை உயர்த்திக்கொண்டே போனால் அதுவும் போய்விடும்.

பிப்ரவரி 2

“தேக்குத் தூண் விலைக்குக் கிடைக்குமா, எங்கள் புது வீட்டுக்கு வேண்டும்” என்று கேட்டவருக்கு.

காரைக்குடி முனீஸ்வரன் கோவில் தெருவில் பழம்பொருள் கடைகள் இருப்பது எல்லோருக்கும் தெரியும். நிலை, கதவு, பெட்டகம், எனாமல் தூக்கு எல்லாம் கிடைக்கும். வாங்குவது குற்றம் என்று நான் சொல்லமாட்டேன். ஆனால் அந்தத் தூண் எங்கிருந்து வந்தது என்று ஒரு நிமிஷம் யோசியுங்கள். பங்காளிகள் ஒருவருக்கொருவர் விட்டுக்கொடுக்க முடியாமல் வருஷக்கணக்கில் இழுத்து, கடைசியில் எல்லோரும் ஒத்துப்போகிற ஒரே விஷயம் விற்றுவிடுவது என்று ஆகிறது. அப்போது வீடாக வாங்க ஆள் வராது. மரத்துக்காக வாங்குகிறவர்தான் வருவார். மரம் கன அடிக் கணக்கு, கல் எண்ணிக்கைக் கணக்கு. வளவுக்கு விலையே கிடையாது, ஏனென்றால் அது வெறும் இடம். அந்த வீட்டை வீடாக்கிய பகுதி எடைபோட முடியாதது, அதனால் கணக்கில் வராமல் போகிறது.

இடிக்கிறவர்களைத் திட்டவும் எனக்கு மனம் வரவில்லை. மருத்துவச் செலவுக்காகத் தன் பங்கைக் கேட்ட ஒரு ஆச்சியை எனக்குத் தெரியும். அவரிடம் பாரம்பரியம் பற்றிப் பேச யாருக்கு உரிமை இருக்கிறது?

பிப்ரவரி 3

பெண்களுக்குப் பங்கு உண்டா என்ற கேள்வி. பழைய வழக்கத்தில் மகளுக்குச் சீர், மகனுக்கு வீட்டில் புள்ளி. சட்டம் மாறிவிட்டது. 1989-ல் தமிழ்நாட்டுத் திருத்தம், 2005-ல் மத்தியத் திருத்தம் இரண்டும் கூட்டுக் குடும்பச் சொத்தில் மகளுக்கும் மகனுக்குச் சமமான உரிமை கொடுத்தன. இதனால் பங்குகள் இன்னும் பெருகிச் சிக்கல் கூடியது என்று பெரியவர்கள் சலித்துக்கொள்வதைக் கேட்டிருக்கிறேன். நான் அப்படிப் பார்க்கவில்லை. எங்கள் வீட்டில் கூரை வேலைக்கு முதலில் பணம் அனுப்பியது மலேசியாவில் இருக்கும் அத்தை. அந்த வளவில் கோலம் போட்டு வளர்ந்தவர், கல்யாணம் ஆன நாளிலிருந்து அங்கே தனக்கென்று ஓர் அறை இல்லாதவர். உரிமை இல்லாத காலத்திலும் அக்கறை இருந்தவர்களைக் கணக்கில் சேர்த்ததால் வீட்டுக்கு நஷ்டம் எதுவும் இல்லை.

பிப்ரவரி 4

கொஞ்சம் விலகிப் போகிறேன். நாட்டரசன்கோட்டையில் பொங்கலுக்கு அடுத்து வரும் செவ்வாய்க்கிழமை கண்ணாத்தாள் கோவில் முன் செவ்வாய்ப் பொங்கல் நடக்கும். புள்ளிக்கு ஒரு பானை. யார் பானை முதலில் என்பதைக் குடவோலை போட்டு எடுப்பார்கள். வெளிநாட்டிலிருந்தெல்லாம் வருவார்கள். பானைக்கு இவ்வளவு ஒழுங்காகப் புள்ளிக் கணக்கு வைத்திருக்கிற சமூகம், ஓட்டுக்கும் அதே கணக்கில் பணம் வசூலிக்க ஏன் தடுமாறுகிறது? இந்தக் கேள்வி என்னை விடவே இல்லை.

பிப்ரவரி 9

முதல் கேள்விக்குத் திரும்புகிறேன். அருங்காட்சியகம் ஆக்கலாமா?

ஒன்றிரண்டு வீடுகளை ஆக்கலாம். தெருத்தெருவாக முடியாது. கட்டணச் சீட்டு கிழித்துக் கிடைக்கிற பணம் ஓடு மாற்றவே காணாது. அதைவிட முக்கியமாக, அந்த வீடு இன்றும் செய்கிற வேலை ஒன்று இருக்கிறது. கல்யாணம், சாந்தி (அறுபதாம் கல்யாணம் போன்றவை), முன்னோருக்குப் படைப்பு என்றால் எங்கிருந்தாலும் அங்கே வந்தாக வேண்டும். அந்த இரண்டு நாளும் முகப்பில் ஆண்கள், வளவில் சடங்கு, பின்கட்டில் பந்தி என்று கட்டியவர் நினைத்தபடியே ஒவ்வொரு இடமும் நிரம்பும். கயிறு கட்டித் தள்ளி நின்று பார்க்கிற இடமாக்கினால் அது நின்றுவிடும்.

சில வீடுகள் விடுதியாகியிருக்கின்றன. காணாடுகாத்தானிலேயே தங்கிப் பார்க்கலாம். கூரை ஒழுகாமல் இருக்கிறது, ஊர்க்காரர்களுக்கு வேலை இருக்கிறது, அந்த வகையில் எனக்குச் சம்மதமே. படப்பிடிப்புக்கும் வாடகைக்கு விடுகிறார்கள். அதில் எச்சரிக்கை வேண்டும். தரையில் தண்டவாளம் போட்டு இழுத்ததில் பழைய தளம் பெயர்ந்த வீட்டைப் பார்த்திருக்கிறேன்.

யுனெஸ்கோவைப் பற்றியும் கேட்டார்கள். 2014-ல் இந்தியா கொடுத்த தற்காலிகப் பட்டியலில் செட்டிநாட்டுக் கிராமத் தொகுப்புகள் இருக்கின்றன. கவனியுங்கள், கிராமத் தொகுப்பு. தனி மாளிகை அல்ல. தெரு, ஊருணி, கோவில், வீடு எல்லாம் சேர்ந்தது. அந்தப் பார்வை சரியானது. ஆனால் பட்டியலில் இருப்பதால் ஓர் ஓடும் தானாக மாறாது.

பிப்ரவரி 16

“அப்படியானால் நீங்கள் என்னதான் செய்தீர்கள்?” என்று நேராகவே கேட்டுவிட்டார்கள். நியாயமான கேள்வி.

முன்பெல்லாம் கூடும்போது வீட்டை என்ன செய்வது என்று பேசுவோம், சண்டையில் முடியும். போன படைப்புக்கு எல்லோரும் வந்திருந்தபோது அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. விற்பதா, பிரிப்பதா என்பதைத் தள்ளி வைத்துவிட்டு, கூரையை மட்டும் பேசினோம். புள்ளிக்கு இவ்வளவு என்று வருஷ வரி, பொதுவில் ஒரு வங்கிக் கணக்கு, கையெழுத்துப் போட இரண்டு பேர். அதில் ஒருவர் கட்டாயம் பெண் வாரிசு. பணம் கொடுக்க முடியாதவர்களுக்குப் பங்கு குறையாது என்பதை எழுதியே வைத்தோம், ஏனென்றால் அந்தப் பயம்தான் பலரைக் கூட்டத்துக்கே வராமல் வைத்திருந்தது. வேலை சுண்ணாம்பில்தான், சிமெண்ட் கூடாது என்பதும் அதே தாளில் இருக்கிறது.

இன்னும் கையெழுத்துப் போடாதவர் ஒருவர் இருக்கிறார். சித்தப்பா அவரிடம் பேசிக்கொண்டிருக்கிறார். கொத்தனார் பங்குனியில் வேலையை ஆரம்பித்து ஆடிக்குள் முடித்துத் தருவதாகச் சொல்லியிருக்கிறார். வடக்குப் பக்கச் சிமெண்டைச் செதுக்கி எடுப்பதுதான் முதல் வேலை.

பிப்ரவரி 17

தரை பற்றி எழுதவே இல்லையே என்று கேட்டவருக்கு. ஆத்தங்குடிக் கல் சூளையில் வேகவைத்தது அல்ல. கண்ணாடித் தட்டின்மேல் அச்சை வைத்து, கட்டத்துக்குக் கட்டம் வண்ணச் சிமெண்ட் கரைசலை ஊற்றி, அச்சை எடுத்துவிட்டு, மேலே உலர்ந்த கலவை தூவி, கடைசியில் சாந்து போட்டு மட்டம் செய்வார்கள். பிறகு தண்ணீரில் ஊறவைத்துக் காயவைத்தால் கண்ணாடி கழன்று வரும். பளபளப்பு அந்தக் கண்ணாடி கொடுத்தது. அதனால் ஆசிட் ஊற்றிக் கழுவாதீர்கள், மிஷின் வைத்துத் தேய்க்காதீர்கள். வெறும் தண்ணீரில் துடைத்து, எப்போதாவது துணியில் கொஞ்சம் தேங்காய் எண்ணெய் தொட்டுத் தேய்த்தால் போதும். நடக்க நடக்க மெருகேறும். ஆத்தங்குடியில் பட்டறைக்கே போய்ப் பார்க்கலாம். உடைந்த பழைய கல்லைக் கையோடு கொண்டுபோனால் அதே வடிவத்துக்கு அச்சு இருக்கிறதா என்று தேடிச் சொல்வார்கள்.